கிளட்ச் மிதிச்சா கிர்ர்னு சத்தம்: ரிலீஸ் பேரிங்தானா? கியர்பாக்ஸ் இறக்கினா வேற என்னெல்லாம் பார்க்கணும்?

அரைகிளட்ச் (கேள்வி)

வண்டி 1998 மாடல். முன்சக்கர டிரைவ், 5 கியர், கேபிள் கிளட்ச். 1,38,000 கி.மீ. ஓடியிருக்கு. கிளட்ச் செட் கடைசியா மாத்தினது 70,000-ல.

ஐடிலிங்ல பெடலை விட்டிருந்தா எந்தச் சத்தமும் இல்லை. காலை வச்சு லேசா அழுத்தின உடனே எண்ணெய் காணாத மாதிரி கிர்ர்ர்னு ஆரம்பிக்குது. முழுசா மிதிச்சாலும் நிக்கல, இன்னும் கனமாகுது. ஆக்ஸிலரேட்டர் குடுத்தா சுதி ஏறுது. காலை எடுத்தா கப்புனு நின்னுடுது. கியர் எல்லாம் ஒழுங்கா விழுது, ஸ்லிப் கிடையாது. பெடல்ல ஃப்ரீ ப்ளேன்னு (கனம் தெரியாம சும்மா இறங்கற தூரம்) சொல்ற அளவுக்கு எதுவும் இல்லை, மேலேயே கனம் தெரியுது.

ரிலீஸ் பேரிங்னு (பெடல் மிதிச்சா கிளட்சைத் தள்ளி விடுவிக்கற பேரிங்) ஒருத்தர் சொல்றார், கியர்பாக்ஸ் பேரிங்னு இன்னொருத்தர் சொல்றார். இறக்குறதுக்கு முன்னாடி உறுதி பண்ண வழி இருக்கா? பேரிங் மட்டும் மாத்தினா போதுமா, முழு செட்டும் போடணுமா? இப்படியே எவ்வளவு தூரம் ஓட்டலாம்? ஜாக், ஸ்டாண்டு, டார்க் ரெஞ்ச் எல்லாம் இருக்கு, நானே இறக்கலாம்னு இருக்கேன்.

ஸ்பேனர்14

எந்த நிலையில எந்த பேரிங் சுத்துதுன்னு யோசிச்சுப் பாருங்க, பாதிக் குழப்பம் தீர்ந்துடும்.

நியூட்ரல், பெடல் விட்டாச்சு, இன்ஜின் ஓடுது: கிளட்ச் பிடிச்சிருக்கறதால கியர்பாக்ஸோட இன்புட் ஷாஃப்ட் இன்ஜின் வேகத்துலயே சுத்தும். அதனால இன்புட் ஷாஃப்ட் பேரிங் வேலை செய்யுது. ஃப்ரீ ப்ளே சரியா இருந்தா ரிலீஸ் பேரிங் சும்மா நிக்கும். இந்த நிலையில சத்தம் வந்து, பெடல் மிதிச்சதும் அடங்கினா அது கியர்பாக்ஸ் உள்ளே இருக்கற பேரிங்.

பெடலை லேசா அழுத்தி, கிளட்ச் இன்னும் விடாத நிலை: ரிலீஸ் பேரிங் போய் பிரஷர் பிளேட் (டிஸ்க்கை அழுத்திப் பிடிக்கற தட்டு) நடுவுல இருக்கற டயஃப்ரம் ஸ்பிரிங் விரல்களைத் தொட்டு சுத்த ஆரம்பிக்கும். புதுசா சேர்ந்தது அது ஒண்ணுதான். சத்தம் இங்கேயே ஆரம்பிச்சா ஆள் யாருன்னு தெரிஞ்சுபோச்சு.

பெடல் முழுசா மிதிச்சு, முதல் கியர் போட்டு, வண்டி நிக்குது: இன்புட் ஷாஃப்ட் நின்னுடும், இன்ஜினோட கிராங்க் ஷாஃப்ட் சுத்தும். ரெண்டுக்கும் நடுவுல இருக்கற பைலட் பேரிங் இப்பதான் உழைக்கும். லேசா அழுத்தும்போது இல்லாம, இந்த நிலையில மட்டும் கீச்சினா பைலட்டைச் சந்தேகிக்கலாம். முன்சக்கர டிரைவ் வண்டி பலதுலயும் பைலட் பேரிங்கே கிடையாது, உங்களோடதுல இருக்கான்னு பார்த்துக்கோங்க.

நீங்க சொல்ற அடையாளம் ரிலீஸ் பேரிங்குக்கு அப்படியே பொருந்துது. ஒரு இடம் மட்டும் இடிக்குது: ஃப்ரீ ப்ளே இல்லைங்கறீங்க. அப்படின்னா பேரிங் எந்நேரமும் விரலைத் தொட்டுக்கிட்டே சுத்துது. பாரம் இல்லாதப்ப சத்தம் கேக்கல, பாரம் ஏறினதும் அழுவுது. அது கெட்டதுக்குக் காரணமும் அநேகமா இதுவேதான்.

அஞ்சு நிமிஷ சோதனை ஒண்ணு சொல்றேன். கேபிள் முனையில இருக்கற அட்ஜஸ்ட் நட்டைத் தளர்த்தி, பெடல்ல 15-20 மி.மீ. ஃப்ரீ ப்ளே வைங்க. ஸ்டார்ட் பண்ணி கையாலேயே பெடலை மெதுவா அழுத்துங்க. சத்தம் ஆரம்பிக்கற இடமும் முன்னை விட அதே அளவு கீழே இறங்கியிருந்தா சந்தேகமே வேண்டாம், ரிலீஸ் பேரிங். கியர்பாக்ஸ் பேரிங்குக்கு உங்க கேபிள் எங்க இருக்குன்னு தெரியாது.

கையோட இன்னும் ரெண்டு பாருங்க. இன்ஜினை ஆஃப் பண்ணிட்டு பெடலை ஏத்தி இறக்குங்க. அப்பவும் கீச்சுனு கேட்டா அது பெடல் புஷ், கேபிள், இல்லைன்னா ஃபோர்க் (ரிலீஸ் பேரிங்கைத் தள்ற கவை) ஷாஃப்ட் புஷ். சுத்தாத பேரிங் கத்தாது. அடுத்தது, ஒருத்தரை பெடல் மிதிக்கச் சொல்லிட்டு, ஆஃப் பண்ணின இன்ஜினோட கிராங்க் புல்லியைப் பாருங்க. கண்ணுக்குத் தெரியற மாதிரி முன்னும் பின்னும் நகர்ந்தா, அந்த நகர்வைத் தடுக்கற கிராங்க் த்ரஸ்ட் வாஷர் தேஞ்சிருக்கு. சாதாரணமா இந்த ஆட்டம் 0.3 மி.மீ.க்குள்ள இருக்கணும், டயல் கேஜ் வச்சாதான் தெரியும். கண்ணுக்கே தெரியுதுன்னா கிளட்ச் வேலையைத் தள்ளி வச்சுட்டு முதல்ல இன்ஜினைக் கவனிக்கணும்.

கிரீஸ்கை

எவ்வளவு தூரம் ஓட்டலாம்கறதுக்கு கி.மீ. கணக்கு கிடையாது. சிலது மாசக்கணக்குல கத்திக்கிட்டே ஓடும். சிலது ஒரு நெரிசல்ல முடிஞ்சுபோகும். பேரிங் இறுகிட்டா முகம் சுத்தாம, சுத்தற விரல்கள் மேல உரசும். விரல் நுனி எல்லாம் அறுபட்டு, பிரஷர் பிளேட்டும் வீண். உருண்டைக் கூடு உடைஞ்சுட்டா பேரிங் கோணிக்கிட்டு ஃபோர்க்ல சிக்கும், பெடல் மிதிச்சாலும் கிளட்ச் விடாது. இப்போதைக்கு சிக்னல்ல கியர் போட்டு கிளட்ச் மிதிச்சபடி நிக்காதீங்க, நியூட்ரல் பண்ணி காலை எடுத்துடுங்க. பேரிங் இன்னும் கொஞ்ச நாள் தாங்கும்.

பேரிங் மட்டுமா செட்டாங்கற கேள்விக்கு என் பதில்: செட். கடைசி செட் 68,000 கி.மீ. ஓடியிருக்கு. ரிலீஸ் பேரிங் சின்ன சாமான், அதுக்கான கூலி முழுக்க கியர்பாக்ஸ் இறக்கி ஏத்தறதுலதான் போகுது. பழைய பிளேட்டைத் திருப்பிப் போட்டு, அது ஒரு வருஷத்துல ஸ்லிப் ஆனா மறுபடி அதே வேலை. டிஸ்க், பிரஷர் பிளேட், பேரிங் மூணும் ஒரே கம்பெனியோட ஒரே பெட்டியில வர்றதை வாங்குங்க. அதோட ஃபோர்க் ஷாஃப்ட் புஷ் ரெண்டு, இன்புட் ஷாஃப்ட் ஆயில் சீல், ஆக்ஸில் சீல் ரெண்டு, பேரிங் பிடிக்கற கம்பி கிளிப், கியர் ஆயில், புது ஹப் நட். கேபிள் பழசா இருந்தா அதுவும்.

பெல்ஹவுசிங்

செட் விஷயத்துல மேலே சொன்னதோட எனக்குப் பாதிதான் உடன்பாடு. இறக்கின பிறகு அளந்து பார்த்து முடிவு பண்றதுதான் நியாயம். டிஸ்க்குல லைனிங் மேற்பரப்புக்கும் ரிவெட் தலைக்கும் நடுவுல இருக்கற ஆழத்தை அளங்க. 0.3 மி.மீ.தான் பல மேனுவல்ல கடைசி எல்லை. 1 மி.மீ.க்கு மேல மிச்சம் இருந்து, எண்ணெய் படாம, ஸ்பிரிங் எல்லாம் இறுக்கமா இருந்தா அந்த டிஸ்க் இன்னும் ஓடும். பிரஷர் பிளேட்டுக்கு விரல் நுனிதான் சாட்சி. பேரிங் உரசின இடத்துல பள்ளம் 0.6 மி.மீ. தாண்டினாலோ, விரல் ஒண்ணு மட்டும் மத்ததை விட ஏறி இறங்கி நின்னாலோ அதைக் கழட்டி ஓரமா வச்சுடலாம். புது பேரிங்கைப் பழைய பள்ளத்துல உட்கார வச்சா நாலே நாள்ல திரும்ப கத்தும்.

இறக்குறதுல எங்க சறுக்கும்னு மட்டும் சொல்றேன். எந்த போல்ட் எந்த அளவுங்கறது உங்க வண்டி மேனுவல்ல இருக்கு.

பேட்டரி நெகட்டிவைக் கழட்டிட்டுத்தான் ஸ்டார்ட்டர் மோட்டார்ல கை வைக்கணும். ஹப் நட்டை வண்டி தரையில நிக்கும்போதே தளர்த்திடுங்க, ஸ்டாண்டு மேல ஏத்தின பிறகு அந்த நட்டோட மல்லுக்கட்டினா வண்டி ஆடும். கியர் ஆயிலை முதல்லயே வடிச்சிடுங்க, இல்லைன்னா டிரைவ் ஷாஃப்டை உருவின நொடியில அது உங்க சட்டையில. சில கியர்பாக்ஸ்ல ரெண்டு ஷாஃப்டையும் சேர்த்து உருவிட்டா உள்ளே டிஃபரன்ஷியல் பல்சக்கரம் இடம் மாறி விழுந்துடும். ஒரு பக்கம் உருவினதும் அதே தடிமன்ல ஒரு மரக்குச்சியைச் சொருகி வைங்க. ஆயில் சீலுக்கும் பாதுகாப்பு.

இன்ஜினுக்குத் தாங்கல் குடுக்காம கியர்பாக்ஸ் மவுண்டைக் கழட்டவே கூடாது. கீழே இருந்துன்னா ஆயில் சம்ப்புக்கு அடியில தடிமனான மரப்பலகை வச்சு ஜாக். வெறும் ஜாக் தலையை வச்சா சம்ப் நெளியும். கியர்பாக்ஸுக்குத் தனி ஜாக். பெல் ஹவுசிங் (கிளட்சை மூடியிருக்கற கியர்பாக்ஸ் கூடு) போல்ட் எல்லாம் ஒரே நீளம் இல்லை, கழட்டக் கழட்ட ஒரு அட்டையில ஓட்டை போட்டு அதே இடத்துல குத்தி வைங்க. நீளமான போல்ட் குட்டை ஓட்டையில போனா அலுமினியம் பிளந்துடும்.

எல்லா போல்ட்டும் வந்தப்புறம் கியர்பாக்ஸை இன்ஜினை விட்டு நேரா விலக்கி இழுக்கணும். இன்புட் ஷாஃப்ட் டிஸ்க்கை விட்டு முழுசா வெளியே வர்ற வரைக்கும் ஒரு விநாடி கூட அதன் எடையை ஷாஃப்ட்ல தொங்க விடாதீங்க. ஏத்தும்போதும் இதே விதி. தொங்க விட்டா டிஸ்க்கோட நடு ஹப் வளையும். அப்புறம் 'புது கிளட்ச் போட்டும் கியர் கறகறங்குது'ன்னு இங்கேயே வந்து கேப்பீங்க.

உள்ளே இருக்கற கறுப்புத் தூசியை ஏர் அடிச்சு ஊதாதீங்க. பழைய லைனிங்ல ஆஸ்பெஸ்டாஸ் இருக்க வாய்ப்பு உண்டு. மாஸ்க் போட்டுக்கிட்டு, பிரேக் கிளீனரால நனைச்சு ஈரத்துணியால துடைங்க.

பழைய பிரஷர் பிளேட்டையே திருப்பிப் போடறதா இருந்தா ஃப்ளைவீலோட (கிராங்க் முனையில சுத்தற கனமான சக்கரம்) சேர்த்து ஒரு குறி போட்டுக்கோங்க. போல்ட்டை எதிரெதிரா, ஒரு முறைக்கு அரைச் சுத்து மட்டும் தளர்த்தணும். ஒரு பக்கம் மொத்தமா கழட்டினா பிரஷர் பிளேட்டோட கவர் நெளிஞ்சுடும்.

அரைகிளட்ச்

ஃப்ரீ ப்ளே வச்சுப் பார்த்தாச்சு. சத்தம் ஆரம்பிக்கற இடம் அப்படியே கீழே இறங்கிடுச்சு. புல்லி ஆடல. இறக்கியாச்சு.

பழைய பேரிங்கை அழுத்திப் பிடிச்சு சுத்தினா மணல் மாதிரி கறகறங்குது. டிஸ்க் ரிவெட் ஆழம் ஒரு இடத்துல 0.5, இன்னொரு இடத்துல 0.7. விரல் நுனியில பளபளன்னு வளையம், நகம் மாட்டுது. பேரிங் நகர்ற கைடு ட்யூப்ல ஒரு பக்கம் மட்டும் நீளவாக்குல கோடு விழுந்திருக்கு. பெல் ஹவுசிங் அடியில கொஞ்சம் எண்ணெய்ப் பிசுக்கு. கைடு ட்யூபை எமரி பேப்பர் போட்டு வழவழப்பாக்கினா போதுமா? பழைய பேரிங்கை டீசல்ல கழுவி கிரீஸ் போட்டு அவசரத்துக்கு வச்சுக்கலாமா?

பெல்ஹவுசிங்

0.5-ன்னா செட்டுதான். கிரீஸ்கை ஜெயிச்சுட்டார்.

டீசல் வேண்டவே வேண்டாம். அது ஆயுசுக்கும் கிரீஸ் அடைச்சு சீல் பண்ணின பேரிங். கழுவினா உள்ளே இருக்கற கிரீஸ் கரைஞ்சு போகும், நீங்க வெளியே தடவறது உள்ளே போகாது. புது பேரிங்கையும் இப்படித்தான் சுத்தம் பண்றோம்னு சிலர் கெடுப்பாங்க. உலர்ந்த துணியால துடைச்சா போதும்.

கைடு ட்யூப்ல ஒரு பக்கம் மட்டும் கோடு இருக்குன்னா அதுக்கு ஒரே அர்த்தம்தான், பேரிங் நேரா நகரல. ஃபோர்க் அதைச் சாய்ச்சுத் தள்ளியிருக்கு. ஃபோர்க் ஷாஃப்டைப் பிடிச்சு ஆட்டிப் பாருங்க, புஷ் தேஞ்சிருக்கும். ஃபோர்க்கோட ரெண்டு கை நுனியும் ஒரே அளவு தேய்ஞ்சிருக்கான்னு பக்கத்துல வச்சுப் பாருங்க. ஒரு கை குட்டையா இருந்தா ஃபோர்க்கையே மாத்தணும். கோட்டை நகத்தால தடவினா மாட்டலைன்னா மெல்லிய எமரியால பிசிறு மட்டும் எடுத்துட்டு போடலாம். மாட்டினா ட்யூபை மாத்துங்க. இழைச்சு இழைச்சு ட்யூபை மெலிசாக்கினா பேரிங் இன்னும் ஆடும், அதிர்வு பெடலுக்கே வரும்.

பிசுக்கு எங்கிருந்து வந்ததுன்னு இப்பவே கண்டுபிடிங்க. கந்தக வாடை அடிச்சா கியர் ஆயில், இன்புட் ஷாஃப்ட் சீல்ல இருந்து. கறுப்பா ஃப்ளைவீலுக்குப் பின்பக்கம் வழிஞ்சிருந்தா கிராங்க் பின் சீல், அதுக்கு ஃப்ளைவீலையும் கழட்டணும். ஃப்ளைவீல் முகத்துல நீலத் திட்டு, முடி விரிசல் இருக்கான்னும் பார்த்துடுங்க. ஆழமான விரிசல்னா கடைசல் பட்டறைக்கு.

ஸ்பேனர்14

மாட்டும்போது கவனிக்க வேண்டியதை நான் சேர்த்துடறேன்.

கிரீஸ்தான் இந்த வேலையில பாதிப் பேரைக் கவுக்கறது. மாலிப்டினம் கலந்த அதிக வெப்ப கிரீஸ் எடுத்து இன்புட் ஷாஃப்ட் ஸ்ப்லைன்ல (டிஸ்க் உட்காருற நீளவாக்குப் பற்கள்) விரல் நுனி அளவு பூசுங்க. டிஸ்க்கை ஷாஃப்ட்ல நாலு தரம் ஏத்தி இறக்கி, வெளியே பிதுங்கினதை எல்லாம் துடைச்சிடுங்க. மிச்சம் விட்டா சுத்தும்போது தெறிச்சு லைனிங்ல படியும், கிளம்பும்போது வண்டி உதறும். ஃபோர்க் நுனி, புஷ், கைடு ட்யூப் மூணுக்கும் மெலிசா ஒரு பூச்சு. பேரிங் உள்வளையம் பிளாஸ்டிக்கா இருந்து, கிரீஸ் வேண்டாம்னு மேனுவல் சொன்னா ட்யூப்ல போடாதீங்க. பேரிங் முகத்துல எதுவுமே வேண்டாம்.

டிஸ்க்குல ஸ்பிரிங் துருத்திக்கிட்டிருக்கற பக்கம் பெரும்பாலும் கியர்பாக்ஸைப் பார்க்கும். எழுத்து அடிச்சிருந்தா அதுதான் பிரமாணம். திருப்பிப் போட்டுட்டா ஹப் ஃப்ளைவீல் போல்ட்ல முட்டும், கிளட்ச் விடவே விடாது. அலைன்மென்ட் டூல் இல்லாம கண்ணால நடுவுல வைக்காதீங்க. டூலைச் சொருகி, கவர் போல்ட்டுகளை எதிரெதிரா கொஞ்சம் கொஞ்சமா இறுக்கி, கடைசியில டார்க் ரெஞ்ச். எம்8 போல்ட்டுன்னா பொதுவா 20-25 நியூட்டன் மீட்டர்ல வரும், உங்க மேனுவல்ல இருக்கற எண்ணைப் போடுங்க. டூல் கையால எளிதா உருவ வரணும். வரலைன்னா டிஸ்க் நடுவுல இல்லை.

ரிலீஸ் பேரிங் தனி ஹப் மேல அழுத்தி ஏத்தற வகையா இருந்தா, ஹப்புல உட்காருற வளையத்தை மட்டும் அழுத்தணும். அதே விட்டத்துல ஒரு சாக்கெட்டை வச்சு வைஸ்ல மெதுவா. சுத்தற வளையத்தைத் தட்டினா உருண்டைகள் பாதையில குழி விழும், புது பேரிங் முதல் நாளே கத்தும்.

கியர்பாக்ஸை ஏத்தும்போது பெல் ஹவுசிங் கையாலேயே இன்ஜின் பிளாக்கோட ஒட்டணும். விரல் அளவு இடைவெளி நின்னா ஸ்ப்லைன் பொருந்தல. கியர் ஒண்ணுல போட்டுட்டு, கிராங்க் புல்லி போல்ட்டை ஸ்பேனரால இம்மி இம்மியா திருப்பிக்கிட்டே தள்ளுங்க. போல்ட்டை இறுக்கி இழுத்துக்கலாம்னு நினைக்காதீங்க, டிஸ்க் ஹப் நசுங்கும் இல்லைன்னா ஹவுசிங் காது உடையும்.

ஒட்டினதும் ரெண்டு போல்ட் மட்டும் போட்டுட்டு, வெளியே இருக்கற ரிலீஸ் லீவரைக் கையால நகர்த்துங்க. கொஞ்சம் ஆட்டம், அப்புறம் ஸ்பிரிங்கோட கெட்டியான எதிர்ப்பு தெரியணும். லீவர் தொளதொளன்னு தொங்கினா பேரிங் கிளிப்பை விட்டு நழுவியிருக்கு. இப்பவே இறக்கினா பத்து நிமிஷம். எல்லாம் மாட்டின பிறகு தெரிஞ்சா அரை நாள் போகும்.

கேபிள்காரன்

ஹைட்ராலிக் வண்டி வச்சிருக்கறவங்களும் இதைப் படிப்பாங்க, அதனால ரெண்டு வார்த்தை. பல ஹைட்ராலிக் அமைப்புல ஃப்ரீ ப்ளேயே கிடையாது. பேரிங் எப்பவும் விரலை லேசா தொட்டபடி சுத்தறதுதான் அதோட வடிவமைப்பு. அதனால பெடலை விட்டாலும் மெலிசா சத்தம் இருக்கலாம், லேசா அழுத்தினா அதோட குரல் மாறும். பேரிங்கும் ஸ்லேவ் சிலிண்டரும் (திரவ அழுத்தத்தால பேரிங்கைத் தள்ற உருளை) ஒண்ணா இன்புட் ஷாஃப்டைச் சுத்தி உட்கார்ந்திருக்கற வகைன்னா மொத்தமாத்தான் மாத்தணும். கியர்பாக்ஸ் ஏறாம பெடலைத் தொடாதீங்க, பிஸ்டன் வெளியே தள்ளி சீல் பிதுங்கிடும். ஏத்தினதும் குழாய்ல சிக்கின ஏரை எடுக்கணும், ஊத்தற திரவம் அதோட டப்பா மூடியில போட்டிருக்கற வகை மட்டும்.

எம்ஜிபி, மோரிஸ் மைனர் மாதிரி பழைய பிரிட்டிஷ் கார்னா கணக்கே வேற. அதுல உருண்டை பேரிங்குக்குப் பதிலா இரும்புக் கிண்ணத்துல கிராஃபைட் வளையம். உருண்டையே இல்லாததால கறகறப்பை வச்சுக் கண்டுபிடிக்க முடியாது. கிராஃபைட் தேஞ்சு தீர்ந்து, கிண்ணத்தோட இரும்பு உரசும்போதுதான் ஊளையிடும். அப்போ கவரும் போயிருக்கும். இறக்கின ஒவ்வொரு தடவையும் கிராஃபைட் எவ்வளவு வெளியே நிக்குதுன்னு பார்த்துடணும்.

அரைகிளட்ச்

மேல் புஷ் முட்டை வடிவத்துக்கு வந்திருந்தது. புஷ், ட்யூப், இன்புட் சீல், செட் எல்லாம் மாத்தி ஏத்தியாச்சு. சத்தம் இல்லை. கேபிளைப் பழைய இடத்துலயே வச்சா ஃப்ரீ ப்ளே 40 மி.மீ. காட்டுது. ரிவர்ஸ் போட்டா லேசா உரசுது. கிளட்ச் விடலையா?

ஸ்பேனர்14

ப்ளே கூடினது தப்பே இல்லை, புது டிஸ்க் போட்டா இப்படித்தான் ஆகும், கேபிளை மட்டும் சரி பண்ணணும். டிஸ்க் தேயத் தேய பிரஷர் பிளேட் ஃப்ளைவீல் பக்கம் போகும், விரல் நுனி அதுக்கு எதிரா பேரிங்கைப் பார்த்து வரும். அப்படித்தான் உங்க பழைய ஃப்ரீ ப்ளே மெல்ல மெல்ல காணாமப் போச்சு. புது தடிமன் டிஸ்க் போட்டதும் விரல் உள்ளே போயிடுச்சு, ப்ளே கூடிடுச்சு. 40 மி.மீ. வீணாப் போனா பெடலோட மிச்சப் பயணம் கிளட்சை விடுவிக்கப் போதாது, ரிவர்ஸ் உரசும்.

நட்டை இறுக்கி ரிலீஸ் லீவர் முனையில 2-4 மி.மீ., பெடல்ல மேனுவல் சொல்ற அளவு வைங்க. சின்ன கார் பலதுலயும் 15-25 மி.மீ.க்குள்ள வரும். அப்புறம் ஐடிலிங்ல முழுசா மிதிச்சு, 4 விநாடி பொறுத்து ரிவர்ஸ் போடுங்க. சத்தமில்லாம விழுந்தா கிளட்ச் விடுது. காத்திருந்தும் உரசினா மட்டும்தான் டிஸ்க் வளைவு, கேபிள் நீட்சின்னு தேடணும்.

கியர் ஆயிலை நிரப்பற ஓட்டையோட உதடு வரைக்கும் ஊத்தியாச்சான்னு பாருங்க, வடிச்சதை மறந்துட்டு கிளம்பினவங்க உண்டு. முதல் 500 கி.மீ. அரைக்கிளட்ச்ல ஏத்தத்துல நிறுத்திப் பிடிக்காதீங்க, உங்க பேரே அதுதான்னாலும். லைனிங் படிஞ்சதும் ப்ளே கொஞ்சம் குறையும், அப்போ ஒரு தரம் அளந்து நட்டைச் சரி பண்ணுங்க. பிறகு 5,000 கி.மீ.க்கு ஒரு தடவை.

அரைகிளட்ச்

லீவர்ல 3, பெடல்ல 18. ரிவர்ஸ் சத்தமில்லாம விழுது. ஆயில் ஓட்டை வரைக்கும் இருக்கு. நன்றி.